ஞானபாய் டீச்சர் கேட்ட பந்தாட்டம்

சங்கரன்கோவிலில் ஒரு காலத்தில் ஞானபாய் டீச்சரிடம் கணக்குப் படிக்காத பெண்பிள்ளைகள் குறைவு. அவர் வேலை பார்த்த மிஷன் பள்ளியில்தான் நானும் தமிழ் எடுத்தேன். ஆசிரியர் அறையில் அவருக்கு அடுத்த நாற்காலி என்னுடையது. பதினான்கு வருஷம் பக்கத்தில் உட்கார்ந்த உரிமையில் இதை எழுதுகிறேன். சிலதை நான் நேரில் பார்த்தேன். மீதி, அவரும் அவர் வீட்டுக்காரரும் சொல்லக் கேட்டது.

டீச்சருக்கு அப்போது நாற்பத்திரண்டு வயது. வகுப்பில் குரலை உயர்த்தமாட்டார். கோபப்பட்டும் பார்த்ததில்லை. ஒரு கணக்குக்கு விடை வரவில்லை என்றால் மட்டும் முகம் மாறிவிடும். புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் போட்டிருக்கும் விடை தப்பு என்று தோன்றிவிட்டால், அன்றைக்கு மத்தியானம் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவே மறந்துவிடுவார். கணவர் சாம்ராஜ் அரசுப் பேருந்தில் கண்டக்டர். திருநெல்வேலிக்கும் சங்கரன்கோவிலுக்கும் ஓடுகிற வண்டி. விடியுமுன்பே டூட்டிக்குக் கிளம்பிவிடுவார். டிக்கெட் கிழிக்கிற நேரம் போக மற்ற நேரமெல்லாம் பயணிகளிடம் பேச்சுத்தான். ஒரே மகன் பாளையங்கோட்டையில் விடுதியில் தங்கிப் படித்தான்.

அதனால் காலையில் வீட்டில் டீச்சரும் ரேடியோவும் மட்டும். ஆறு மணிக்குச் சிற்றலையில் தமிழில் ஒரு சுவிசேஷ நிகழ்ச்சி வரும். அதைக் கேட்டுக்கொண்டே அரிசி களைவது அவர் வழக்கம்.

1979 அக்டோபரில் ஒரு காலை அந்த நிகழ்ச்சி கிடைக்கவில்லை. டீச்சர் முள்ளை மெல்ல மெல்ல நகர்த்தினார். பாட்டு வரவேண்டிய இடத்தில் பெரிய கூட்டம் ஒன்று இரைந்தது. அதற்கு மேலே ஒருவர் நிதானமாக ஆங்கிலத்தில் பேசிக்கொண்டிருந்தார். மூக்கால் பேசும் அமெரிக்க ஆங்கிலம். ‘பால்’, ‘அவுட்’ என்று காதில் விழவும், கிரிக்கெட் போலிருக்கிறது என்று நினைத்து முள்ளை மறுபடி நகர்த்தப் போனார். அந்தச் சமயத்தில், முதல் இன்னிங்ஸ் முடிந்தது என்றார் அந்த ஆள். சோறு பொங்குவதற்குள் மூன்றாவது இன்னிங்ஸ் தொடங்கிவிட்டது.

கிரிக்கெட்டில் ஒரு இன்னிங்ஸுக்கு ஒரு பகல் போகும் என்பது டீச்சருக்குத் தெரியும். இது என்ன ஆட்டம்? பேஸ்பால் என்ற சொல் நாலைந்து தடவை வந்தது. பள்ளிக்கு வந்ததும் நூலகத்து அகராதியைப் புரட்டினார். ‘அமெரிக்காவில் மட்டையும் பந்தும் கொண்டு ஆடப்படும் ஆட்டம்’ என்று ஒரே வரிதான் போட்டிருந்தது.

“இதுக்கு அகராதி எதுக்கு?” என்று என்னிடம் முணுமுணுத்துவிட்டு மூடிவைத்தார்.

மறுநாள் காலை ஒரு நோட்டை எடுத்துக்கொண்டு ரேடியோ முன்னால் உட்கார்ந்தார். காதில் விழும் எண்களை மட்டும் எழுதினார். ஒன்று–ஒன்று, இரண்டு–ஒன்று, மூன்று–இரண்டு. ஒரு வாரத்தில் பதினோரு பக்கம் ஆயிற்று. முதல் எண் மூன்றைத் தாண்டவில்லை. இரண்டாவது எண் இரண்டைத் தாண்டவில்லை. முதலாவது ‘பால்’, இரண்டாவது ‘ஸ்ட்ரைக்’ என்று கண்டுபிடித்தார். நாலாவது பால் வந்தால் ஆட்டக்காரன் நடந்து போகிறான். மூன்றாவது ஸ்ட்ரைக் வந்தால் அவன் அவுட். மூன்று பேர் அவுட் ஆனால் ஆட்டம் கைமாறுகிறது. இடைவேளையில் விளம்பரம் வரவில்லை. வெளிநாட்டில் இருக்கும் சிப்பாய்கள் வீட்டுக்கு ஒழுங்காகக் கடிதம் போடவேண்டும் என்று ஒரு பெண் புத்தி சொன்னாள். அதிலிருந்து, அமெரிக்கப் படைவீரர்களுக்காக நடத்தும் நிலையம் இது என்பதும் விளங்கிற்று. அங்கே ராத்திரி ஆடும் ஆட்டம் நமக்குக் காலையில் கேட்கிறது.

டூட்டி முடிந்து வந்த சாம்ராஜிடம் எல்லாவற்றையும் விவரித்தார்.

“இன்னைக்கு ஒருத்தன் ரெண்டாவது பேஸைத் திருடிட்டானாம். எல்லாரும் கை தட்டுதாங்க.”

“திருடினதுக்கா கை தட்டுதாங்க?” சாம்ராஜ் சோற்றில் கை வைத்தபடி கேட்டார். “நல்ல ஆட்டமால்ல இருக்கு. கோயிலுக்குப் போற பொம்பள கேக்குத ஆட்டமா இது?”

“வெளையாடாதீங்க. அதுல எனக்கு ஒரு சந்தேகம் இருக்கு. முதல் பேஸ், ரெண்டாவது பேஸ், மூணாவது பேஸ்ங்கான். அதுக்கப்புறம் ஹோம்ங்கான். கடைசியில இருக்கது எப்படி வீடாவும்?”

நோட்டில் டீச்சர் ஒரு நேர்கோடு கிழித்து அதில் நாலு புள்ளி வைத்திருந்தார். அடிக்கிறவன் ஒரு முனையில் நிற்கிறான், ஓடி ஓடி மறுமுனைக்குப் போகிறான் என்பது அவர் கணக்கு. போனவன் திரும்ப எப்படி வருகிறான்? அதற்கு மட்டும் எந்த வழியிலும் விடை வரவில்லை. அதற்குள் ஆட்டங்களும் நின்றுபோயின. அந்த அலைவரிசையில் செய்தியும் பாட்டுமாக வந்தது. அமெரிக்காவில் குளிர்காலம், இனி கோடையில்தான் ஆட்டம் என்று பிறகு தெரிந்தது.

சாம்ராஜ் சும்மா இருக்கவில்லை. பஸ்ஸில் ஏறுகிறவர்களிடம் எல்லாம் விசாரித்தார். “ஸ்ட்ரைக்குன்னு ஒண்ணு வருதே, உங்களுக்குத் தெரியுமா?” என்று கேட்டால், எந்த மில்லில் ஸ்ட்ரைக் என்று திருப்பிக் கேட்டார்கள். ஒரு வக்கீல் குமாஸ்தா மட்டும் அது கில்லி மாதிரிதான் என்று அடித்துச் சொன்னார். டீச்சர் அதை ஒப்புக்கொள்ளவில்லை.

மாசிக் கடைசியில் ஒருநாள் பனவடலிசத்திரத்தில் வண்டி நின்றபோது, தோளில் துண்டும் கையில் ஆட்டுக்குத் தழை இழுக்கும் தொரட்டியுமாக ஒருவர் ஏறினார். அறுபது வயது இருக்கும். சாம்ராஜ் டிரைவரிடம் சத்தமாகப் பேசிக்கொண்டு வந்ததைக் கொஞ்ச நேரம் காது கொடுத்துக் கேட்டவர், எழுந்து பக்கத்தில் வந்தார்.

“ஏ கண்டக்டரே, நீரு சொல்லுத வெளாட்ட நான் பாத்திருக்கேன் வே.”

“நீரா? ஆடு மேய்க்கிறவரு எங்கன வே பாத்தீரு?”

“ஆடு இப்பம் மேய்க்கேன். முந்தி பதினோரு வருசம் தூத்துக்குடியிலருந்து போற கப்பல்ல சமையக்கட்டுல கெடந்தேன். ஜப்பான்ல கோபேன்னு ஒரு துறைமுகம். கப்பல் ரிப்பேராயி இருவது நாளு அங்கன நின்னுட்டு. பக்கத்து மைதானத்துல சாயங்காலம் பூரா பயலுவ இதத்தான் ஆடுவானுவ.”

சாம்ராஜ் அவரை விடுவாரா? ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டுவிட்டார். அவர் பெயர் மூக்காண்டி. அன்றைக்கு டீச்சர் கோயிலில் ஞாயிறு ஆராதனை முடிந்து வந்து கோழிக்குழம்பு வைத்திருந்தார். சாப்பாட்டுக்கு முன்பே நோட்டை எடுத்து நீட்டினார். மூக்காண்டி கோட்டையும் புள்ளிகளையும் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார்.

“இது இல்ல டீச்சரம்மா. கோடு கெடையாது. நாலு முக்கு.”

“நாலு முக்கா?”

“நம்ம கோயில் தேரு நாலு ரதவீதியும் சுத்தி நெலைக்கு வரும்லா? அதே மாதிரி. அடிக்கிறவன் நெலையில நிப்பான். அடிச்சிட்டு முக்கு முக்கா ஓடி, நெலைக்கே வந்து சேருவான். வந்து சேந்தாத்தான் கணக்கு. ஒண்ணு மட்டும் வித்தியாசம், தேரு வலமா வரும். இவன் எடமா ஓடுவான்.”

டீச்சர் நோட்டை வாங்கி, கோட்டை அடித்துவிட்டு ஒரு சதுரம் போட்டார். நாலு மூலையிலும் புள்ளி. கடைசிப் புள்ளியிலிருந்து தொடங்கிய புள்ளிக்கே கோடு இழுத்ததும் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். அவர் அப்படிச் சிரித்து, கல்யாணமான இருபது வருஷத்தில் இரண்டு தடவைதான் பார்த்திருக்கிறேன் என்று சாம்ராஜ் என்னிடம் சொன்னார்.

“சதுரம்! இருவது வருசமா ஜியாமெட்ரி எடுக்கேன். எனக்குத் தோணலையே!”

“குழம்பு ஆறுது,” என்றார் சாம்ராஜ்.

மூக்காண்டி அன்று மாலைவரை இருந்தார். பந்து போடுகிறவன் நடுவில் மண்மேட்டில் நிற்பதையும், பிடிக்கிறவர்கள் ஒரு கையில் பெரிய தோல் உறை மாட்டியிருப்பதையும், அடிக்கிறவனுக்குப் பின்னால் ஒருவன் கூண்டு மாதிரி முகமூடி போட்டுக் குத்தவைத்து உட்கார்ந்திருப்பதையும் நடித்தே காட்டினார். போகும்போது டீச்சர் அவருக்குச் சாம்ராஜின் பழைய கம்பளி ஒன்றைக் கொடுத்தார்.

மறுநாளே அந்த ரேடியோ நிலையத்துக்கு, அவர்கள் அறிவித்திருந்த முகவரியில் ஒரு ஏரோகிராம் எழுதினார். தென்னிந்தியாவில் ஒரு சிறிய ஊரில் உங்கள் ஆட்டங்கள் கேட்கின்றன, கோடையில் எந்த அலைவரிசையில் எந்த நேரம் வரும் என்று தெரிவித்தால் உதவியாக இருக்கும் என்று நாலு வரி. ஏப்ரல் மாதம் ஒரு நீள உறையில் அச்சடித்த பட்டியல் வந்தது. ஓரத்தில் யாரோ பென்சிலால் நன்றி எழுதியிருந்தார்கள். கிரீன்விச் நேரத்தோடு ஐந்தரை மணி கூட்டி, எல்லாவற்றையும் நம் நேரத்துக்கு மாற்றி எழுதினார் டீச்சர். அந்தத் தாளை அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒட்டிக்கொண்டார். பெரும்பாலான ஆட்டம் காலை ஐந்திலிருந்து எட்டு மணிக்குள் வந்தது. ஒரு அலைவரிசை மங்கினால் அடுத்தது எது என்று அவருக்கு மனப்பாடம்.

ஒரு தொந்தரவு மட்டும் இருந்தது. வீட்டுச் சுவரை ஒட்டிச் சங்கரசுப்புவின் விசைத்தறிக் கூடம். ஆறு தறி. ஏழு மணிக்கு மோட்டாரைப் போட்டதும் ரேடியோவில் ‘கர்ர்’ என்று ஒரே இரைச்சல், ஆட்டம் அதற்குள் முங்கிப்போகும். கரண்ட் போனால்தான் பேட்டரி ரேடியோவில் குரல் தெளிவாகக் கேட்கும். அந்த வருஷம் மின்வெட்டு அதிகம். ஊரே திட்டிக்கொண்டிருக்க, டீச்சர் ஒருத்தர்தான் கரண்ட் போனதும் ஸ்தோத்திரம் சொன்னவர்.

சங்கரசுப்புவின் மனைவி கோமதித்தாய் தறிக்கு வேண்டிய தார்க்குச்சியில் நூல் சுற்றிக்கொண்டே சுவருக்கு அந்தப் பக்கம் இதைக் கேட்டிருக்கிறாள். ஒருநாள் எட்டிப் பார்த்தாள்.

“டீச்சரக்கா, நாங்க கரண்ட் போச்சேன்னு கெடக்கோம். நீங்க என்ன ஸ்தோத்திரம் சொல்லுதீக?”

டீச்சருக்கு வெட்கமாகப் போய்விட்டது. உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்து, சதுரத்தைக் காட்டி விளக்கினார். கோமதித்தாய்க்கு ஆங்கிலம் ஒரு வார்த்தை தெரியாது. ஆனால் தேர்நிலை என்றதும் பிடித்துக்கொண்டாள். அன்றிலிருந்து காலையில் சுவருக்கு மேலே தலை தெரியும்.

“எத்தனை பேரு நெலைக்கு வந்தாக?”

“ரெண்டு பேரு. ஒருத்தன் மூணாவது முக்குல நிக்கான்.”

“பாவம், வந்துருவான்.”

எரிந்துபோன மோட்டாரிலிருந்து உருவிய செப்புக்கம்பியைக் கோமதித்தாய்தான் கொண்டுவந்து கொடுத்தாள். சாம்ராஜ் லீவு நாளில் ஏணி போட்டு, அதை மாடியிலிருந்து வேப்பமரம்வரை இழுத்துக் கட்டினார். அதற்குப் பிறகு தறி ஓடும்போதும் ஓரளவு காதில் விழுந்தது.

அந்த வருஷம் கடைசிச் சுற்றுக்கு வந்த இரண்டு அணிகளில் ஒன்று பிலடெல்பியா. டீச்சர் யோசிக்காமல் அந்தப் பக்கம் சேர்ந்துவிட்டார். வெளிப்படுத்தின விசேஷத்தில் ஏழு சபைகளில் ஆண்டவர் குறை சொல்லாத இரண்டில் பிலதெல்பியா சபை ஒன்று என்பது அவர் சொன்ன காரணம். அந்த அணி அதுவரை ஒருமுறைகூடப் பட்டம் வாங்கியதில்லை என்பது தெரிந்ததும், தீர்மானமாகிவிட்டது.

ஆறாவது ஆட்டம் அக்டோபர் இருபத்திரண்டாம் தேதி, புதன்கிழமை காலை ஆறு மணிக்குக் கொஞ்சம் முன்னால் தொடங்கிற்று. ஏழில் நாலு ஜெயிக்கவேண்டும்; பிலடெல்பியா மூன்று ஜெயித்திருந்தது, அன்றும் ஜெயித்தால் பட்டம். ஐப்பசித் தூறல். தூரத்தில் மின்னும்போதெல்லாம் ரேடியோ படபடத்தது. சாம்ராஜுக்கு அன்று ஓய்வு. சமையலை அவரே பார்த்துக்கொண்டார். ஏழு மணிக்குத் தறி ஓடத் தொடங்கியபோது பிலடெல்பியா இரண்டு பேரை நிலைக்குக் கொண்டுவந்திருந்தது. எட்டரைக்கு நாலுக்கு ஒன்று. கோமதித்தாய் தார் சுற்றுவதை விட்டுவிட்டுச் சுவரோரமே நின்றாள்.

எங்கள் பள்ளியில் ஒன்பதுக்கு முதல் மணி. ஆசிரியர்கள் எட்டே முக்காலுக்குக் கையெழுத்துப் போடவேண்டும். எட்டே முக்காலுக்கு டீச்சர் சேலையை உடுத்தி, குடையைக் கையில் பிடித்தபடி ரேடியோ முன்னால் நின்றுகொண்டிருந்தார். கடைசி இன்னிங்ஸ். எதிரணியில் ஒருவன்தான் அவுட். மூன்று முக்கிலும் ஆள் நின்றுவிட்டது. தூரத்துப் பந்தாக ஒருவன் அடித்தால் நாலு பேரும் நிலைக்கு வந்துவிடுவார்கள். இந்த நேரம் பார்த்து இரைச்சலில் குரல் மங்கிற்று.

டீச்சர் அதைச் சொன்னதுதான் தாமதம். கோமதித்தாய் கூடத்துக்குள் ஓடினாள். அவள் கத்தியது இந்தப் பக்கம் கேட்டது.

“எப்பா, மோட்டார நிறுத்துங்க! மூணு முக்குலயும் ஆளு நிக்கி!”

சங்கரசுப்பு பதறிவிட்டார். “எந்த முக்குலளா? கழுகுமலை ரோட்டு முக்குலயா? என்ன தகராறு?”

அவர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தெருவுக்கு ஓட, கோமதித்தாய் மெயினை இழுத்து அணைத்துவிட்டாள். ஆறு தறியும் நின்றன. ரேடியோவில் கூட்டத்தின் சத்தம் திடீரென்று வீடு முழுக்க நிறைந்தது.

மைதானத்தைச் சுற்றிப் போலீஸ் குதிரைகளும் நாய்களும் நிற்கின்றன என்று வர்ணனையாளர் சொன்னார். டீச்சருக்கு விளங்கவில்லை. “குதிரையா? ஆட்டத்துல குதிரை எங்கேருந்து வந்தது?” அடுத்த பந்து மேலே எழும்பிற்று. ஒருவன் பிடிக்கப் போனான். அது அவன் கையிலிருந்து துள்ளி விழப்போக, பக்கத்தில் வந்த இன்னொருவன் தட்டிப் பிடித்துக்கொண்டான். இரண்டு பேர் அவுட். டீச்சரின் குடை கீழே விழுந்தது. பிறகு ஒரு ஸ்ட்ரைக், இன்னொரு ஸ்ட்ரைக். மூன்றாவதை வர்ணனையாளர் சொன்னாரா இல்லையா என்று தெரியவில்லை. அதற்குள் கூட்டத்தின் இரைச்சல் அவர் குரலை அமுக்கிவிட்டது.

“என்னாச்சு டீச்சரக்கா?”

“முடிஞ்சது. யாரும் நெலைக்கு வரல. நாம ஜெயிச்சாச்சு.”

நாம என்று சொன்னதை அவர் கவனிக்கவில்லை. சாம்ராஜ் கரண்டியோடு நின்று கை தட்டினார். தெருவிலிருந்து திரும்பிய சங்கரசுப்பு, “எந்த முக்குலயும் ஒருத்தனையும் காணோமே,” என்றார். விஷயம் தெரிந்ததும் பெண்டாட்டியை முறைத்தார். ஆனால் மோட்டாரைப் போடுமுன் ஒரு நிமிஷம் நின்று அந்தக் கூட்டத்தின் சத்தத்தைக் கேட்டார். “அம்மாடி, நம்ம ஆடித்தபசுத் திருவிழாக் கூட்டம் மாதிரில்லா இருக்கு!” என்றாராம்.

டீச்சர் பள்ளிக்கு வந்தபோது ஒன்பது இருபது. ஜெபக் கூட்டம் முடிந்து வகுப்புகள் தொடங்கியிருந்தன. எனக்கு முதல் பீரியட் இல்லை. ஆசிரியர் அறையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். இருபது வருஷத்தில் முதல் தாமதம். தலைமையாசிரியை ஏசுவடியாள் அம்மா கண்டிப்பானவர். வராந்தாவிலேயே நிறுத்திவிட்டார்.

“ஞானபாய், என்ன, உடம்பு சரியில்லையா?”

பிரசவ வலி, பல்வலி, விருந்தாளி என்று எங்களிடம் ஆயிரம் காரணம் இருக்கும். டீச்சர் உள்ளதைச் சொன்னார்.

“அமெரிக்காவில பந்தாட்டம் நடந்தது அம்மா. முடியுத வரைக்கும் ரேடியோவில கேட்டுட்டு வாரேன். தப்புத்தான். அரைநாள் லீவு போட்டுக்கிடுங்க.”

அம்மா கண்ணாடிக்கு மேலாக அவரைப் பார்த்தார்.

“யாரு ஜெயிச்சா?”

“பிலதெல்பியா.”

“சபைக்குப் பேர் போன ஊரு,” என்றார் அம்மா. “வகுப்புக்குப் போங்க. பத்தாம் வகுப்பு சத்தம் போடுது.”

அரைநாள் லீவு போட்டாரா என்று எனக்குத் தெரியாது. அன்று பத்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்குச் சதுரத்தின் மூலைவிட்டம் பற்றிப் பாடம். அவ்வளவு உற்சாகமாக டீச்சர் பாடம் நடத்தி நாங்கள் கேட்டதில்லை. ஜன்னல் வழியே பக்கத்து வகுப்புவரை குரல் வந்தது.

அதற்குப் பிறகு ஏழெட்டு வருஷம், ஏப்ரலிலிருந்து அக்டோபர்வரை, டீச்சரின் காலை இப்படியே கழிந்தது. மூக்காண்டி ஊர்ப்பக்கம் வந்தால் எட்டிப் பார்ப்பார். குதிரையைப் பற்றி டீச்சர் கேட்டதற்கு, “நான் பாத்தப்பம் குதிரை கெடையாது. புதுசா சேத்திருப்பான்,” என்றார். ஜெயித்த கூட்டம் உள்ளே புகுந்துவிடாமல் இருக்கத்தான் குதிரைப்படை என்று பிறகு அவர்களே பேசித் தீர்த்துக்கொண்டார்கள். தெருவில் முதல் டிவி சங்கரசுப்பு வீட்டுக்குத்தான் வந்தது. கோமதித்தாய் அதில் படம் பார்க்கக் கூப்பிட்டபோதும் டீச்சர் ஞாயிறு மாலை மட்டும் போனார். காலையில் ரேடியோதான்.

1986இல் பாளையங்கோட்டையில் கல்லூரிப் பெண்களுக்குச் சாப்ட்பால் போட்டி நடந்தது. ஏறத்தாழ அதே ஆட்டம்தான், பந்து மட்டும் பெரிது என்று மகன் எழுதியிருந்தான். டீச்சர், சாம்ராஜ், நான் மூவரும் போனோம். முதல் பத்து நிமிஷம் டீச்சர் திணறினார். ரேடியோவில் ஒவ்வொன்றாகச் சொல்வார்கள். இங்கே எல்லாரும் ஒரே சமயத்தில் ஓடினார்கள். எதைப் பார்ப்பது என்று தெரியாமல் தலையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

பிறகு தன்னையறியாமல் வாயால் சொல்ல ஆரம்பித்தார். “ரெண்டு பால், ஒரு ஸ்ட்ரைக். முதல் முக்குல ஒருத்தி நிக்கா. பந்து இடப்பக்கம் போகுது…” எங்களுக்கு முன்வரிசையில் இருந்த பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஆடுகிற பிள்ளைகளின் அம்மாக்கள்தான். நடப்பது ஒன்றும் விளங்காமல் உட்கார்ந்திருந்தவர்கள்.

“எம் மக ஏன் அடிக்காமலே நடந்து போறா? அவுட்டா?” என்று ஒரு அம்மாள் கவலையோடு கேட்டார்.

“இல்லம்மா, நாலு பால் தப்பாப் போட்டுட்டாங்க. உங்க மகளுக்கு முதல் முக்கு சும்மாவே கிடைச்சிருச்சு. சந்தோசப்படுங்க.”

அந்த அம்மாள் உடனே கை தட்டினார். மற்றவர்களும் நகர்ந்து நகர்ந்து எங்கள் பக்கம் வந்துவிட்டார்கள். ஆட்டம் முடிகிறவரை டீச்சர் நிறுத்தவில்லை. சாம்ராஜ் வாங்கி வந்த வேர்க்கடலைப் பொட்டலம் அவர் மடியில் பிரிக்காமலே கிடந்தது. மத்தியானம் அடுத்த ஆட்டம் எத்தனை மணிக்கு என்று எல்லாரும் அவரிடம்தான் கேட்டார்கள். “ரெண்டரைக்கு. நிழல் பாத்து உக்காருங்க,” என்றார் டீச்சர்.